பிரெஞ்சு மௌனப் படங்களை நெருப்பு மட்டுமா தின்றது?

ரீல்பெட்டி:

மௌனப்பட முன்னோடி மெலியெஸைப் பற்றிய இழையில் ஒரு நண்பர் "அந்தக் காலத்து பிரெஞ்சுப் படமெல்லாம் நைட்ரேட் ஃபிலிம், பற்றி எரிந்து போச்சு, அவ்வளவுதான்" என்று ஒரே வரியில் முடித்துவிட்டார். (நைட்ரேட் என்றால் அந்தக் காலத்து, எளிதில் தீப்பற்றும் செல்லுலாய்டுப் பட்டை.) அங்கேயே பதில் போட்டால் பேச்சு திசைமாறும், அதனால் தனி இழை. என் கட்சி இதுதான்: நெருப்பில் போனதைவிட வியாபாரத்தில் போனதுதான் அதிகம். தெரிந்தே, கணக்குப் பார்த்து அழித்தார்கள்.

1907 வரை பிரான்ஸின் பெரிய படக் கம்பெனியான பாதே தன் படங்களை மீட்டர் கணக்கில் விற்றது, ஜவுளிக்கடையில் துணி கிழித்துக் கொடுப்பது மாதிரி. சந்தை சந்தையாகக் கொட்டகை போடுகிறவர் ஒரு பிரிண்டை வாங்கினால் அது அவர் சொத்து. கிழிகிறவரை ஓட்டுவார், அப்புறம் அடுத்தவர் தலையில் கட்டுவார். 1907இல் முதலாளி சார்ல் பாதே அதை மாற்றினார். இனி விற்பனை கிடையாது, வாடகை மட்டும்தான். வாடகைக்குப் போன பிரிண்ட் தேய்ந்து கம்பெனிக்கே திரும்பி வரும். அதை வைத்துக்கொண்டு என்ன செய்வது? மேல்பூச்சைக் கழுவி எடுத்துவிட்டு அடியில் இருக்கிற செல்லுலாய்டை மறுபடி பயன்படுத்தினார்கள். பூச்சில் வெள்ளி இருக்கிறது, அதற்கும் காசு. ஒரு சோகக் கதையைக் கழுவிவிட்டு அதே பட்டையில் அடுத்த சோகக் கதை. இதில் நெருப்பு எங்கே வந்தது?

மெலியெஸ் சுமார் 520 படம் எடுத்தவர். முதல் உலகப் போரின்போது அவருடைய பிரிண்டுகளில் பெரும்பகுதி உருக்கப்பட்டு, செல்லுலாய்டு ராணுவ பூட்ஸ் குதிகாலுக்குப் போனது. 1923இல் அவருடைய மோந்த்ரேய் ஸ்டூடியோ கடனில் கைவிட்டுப் போனபோது, நெகட்டிவ்களை வைக்க இடமில்லாமல், ஆத்திரத்தில் அவரே கொளுத்தினார். சரி, அது நெருப்புதான், ஆனால் அதற்குத் திரி வைத்தது கடன். இன்று 200க்குக் கொஞ்சம் மேல்தான் மிச்சம்.

பெரிய அழிப்பு மூன்று தடவை நடந்தது. போர் முடிந்து நீளப் படங்கள் வழக்கமானபோது பழைய குட்டிப் படங்களைக் குப்பையாக்கினார்கள். 1930 வாக்கில் பேசும்படம் வந்ததும் மௌனப் படம் மொத்தமும் காலாவதி. மூன்றாவது 1950களில், தீப்பிடிக்காத புது ஃபிலிம் வந்தபோது. மூன்றுமே நிர்வாக முடிவுகள். ஒரு தீயணைப்பு வண்டியும் வரவில்லை.

கோவைக்குசும்பு:

ரீல்பெட்டி சார், வியாபாரம் அழித்தது என்பதை ஒத்துக்கொள்கிறேன். ஆனால் போனது அப்படி என்ன பெரிய சொத்து? நான் படித்தவரை அந்தக் காலத்து பிரெஞ்சு டிராமாப் படம் என்றால் நாடக நடிகர்கள் கேமராவுக்கு முன்னால் வரிசையாக நின்று கையைக் காலை ஆட்டுவது. கேமரா அசையாது, குளோசப் கிடையாது. அதைக் கழுவி பூட்ஸ் செய்தால் பூட்ஸாவது உபயோகம். (அடிக்க வராதீர்கள்.)

புதுவைவாசி:

அடிக்கத்தான் வருகிறேன் தம்பி. 😄

"படம்பிடிக்கப்பட்ட நாடகம்" என்கிற இந்தப் பழி ஃபிலிம் தார் கம்பெனி மேல் விழுந்தது. 1908 நவம்பர் 17, பாரிஸில் சால் ஷராஸ் அரங்கம், அவர்களுடைய படம் "கீஸ் பிரபுவின் கொலை". கதை எழுதியது பிரெஞ்சு அகாதெமி உறுப்பினரான ஆன்ரி லவ்தான், நடித்தவர்கள் கொமெதி ஃபிரான்சேஸ் நாடகக் கம்பெனியின் பெரிய தலைகள், இசை சேன்-சான்ஸ். சினிமாவுக்காக ஒரு பெரிய இசைமேதை தனியாக எழுதிய முதல் இசைகளில் ஒன்று அது. அதுவரை சந்தைப் பொழுதுபோக்காக இருந்ததை மேல்தட்டு ஆட்கள் டிக்கெட் வாங்கிப் பார்க்கிற சமாசாரமாக்க வேண்டும் என்பதுதான் திட்டம்.

படம் கிடைக்கிறது, பாருங்கள், கால் மணி நேரத்துக்குச் சற்று மேல். கொலைக்கு உத்தரவிடும் அரசன் மூன்றாம் ஆன்ரியாக நடிக்கிற ல பார்ஜி கையை ஆட்டவே மாட்டார். திரைச்சீலைக்குப் பின்னால் ஆட்களை நிறுத்தி வைத்துவிட்டுப் பொறுமை இல்லாமல் தவிப்பார், கொலை முடிந்ததும் மெல்ல எட்டிப் பார்ப்பார். நடிகர்கள் கேமராவுக்கு முதுகு காட்டுகிறார்கள். கீஸ் ஒரு அறையிலிருந்து அடுத்த அறைக்கு நடந்து போகும்போது, உள்ளே என்ன காத்திருக்கிறது என்பது நமக்குத் தெரியும், அவருக்குத் தெரியாது. இதை நாடக மேடையில் செய்து காட்டுங்கள் பார்ப்போம்.

அப்புறம் ஆல்பேர் கப்பெலானி. பாதே கம்பெனி அதே 1908இல் எஸ்.சி.ஏ.ஜி.எல். என்று எழுத்தாளர் கதைகளைப் படமாக்கத் தனிக் கிளை வைத்தது, அதன் கலைப் பொறுப்பு இவரிடம். ஸோலாவின் "லாஸொம்வார்" 1909, ஹ்யூகோவின் "நோத்ர் தாம்" 1911, 1912இல் நான்கு பாகமாக "லே மிஸெராப்ள்" (நம் ஊரில் 1950இல் "ஏழை படும் பாடு" என்று வந்ததே, அந்தக் கதை), 1913இல் "ஜெர்மினால்". ஜெர்மினாலுக்காக வடக்கே நிலக்கரி வட்டாரத்துக்கே போய்ப் படம் பிடித்தார். நாடகம் பிடிக்கிறவன் சுரங்கத்துக்கு எதற்குப் போகிறான்?

இவர் பெயரே சினிமா வரலாற்றில் ஒரு ஓரத்தில்தான் இருந்தது. 2010, 2011இல் இத்தாலியின் பொலோன்யாவில் மீட்டெடுத்த படங்களுக்கென்றே நடக்கும் விழாவில் இவர் படங்களைத் தொடராகப் போட்டபிறகுதான் வாயைப் பிளந்தார்கள். அதுவரை வரலாறு எழுதியவர்கள், ஐயா, படத்தைப் பார்க்காமலே தீர்ப்பு எழுதியிருக்கிறார்கள். நீங்கள் படித்தது அந்தத் தீர்ப்பு.

லேப்காரர்:

பட லேபில் வேலை பார்த்தவன் என்பதால் நைட்ரேட் பற்றிக் கொஞ்சம் சொல்கிறேன், ஏனென்றால் ரீல்பெட்டி சார் நெருப்பை ரொம்பவே லேசாக எடுத்துக்கொள்கிறார்.

நைட்ரேட் எரியும்போது தானே ஆக்சிஜனையும் விடும். தண்ணீருக்குள் முக்கினாலும் எரியும், மணலைக் கொட்டினாலும் எரியும். கெட்டுப்போன நிலையில் வெயில்காலச் சூடே போதும், யாரும் தீக்குச்சி உரச வேண்டாம். எரியாவிட்டாலும் அது சும்மா இருக்காது. முதலில் படம் மங்கும், அப்புறம் பிசுபிசுக்கும், சுற்றுகள் ஒன்றோடொன்று ஒட்டும், மேலே தேன் மாதிரி நுரை கட்டும், கடைசியில் பழுப்புப் பொடி. டப்பாவைத் திறந்தால் பொடி மட்டும் இருக்கும்.

எக்லேர் என்ற பிரெஞ்சுப் படக் கம்பெனிக்கு அமெரிக்காவில் ஃபோர்ட் லீயில் கிளை இருந்தது. 1914 மார்ச்சில் அங்கே பிடித்த தீயில் நெகட்டிவ்கள் போயின. டென்மார்க் இயக்குநர் டிரையர் பிரான்ஸில் எடுத்த "ழான் தார்க்" (ஜோன் ஆஃப் ஆர்க் கதை) 1928இல் வெளிவந்தது, அந்த ஆண்டு முடிவதற்குள் பெர்லின் லேப் தீயில் மூல நெகட்டிவ் அவுட். மனுஷன் சளைக்காமல் ஒதுக்கிவைத்த டேக்குகளை வைத்து அதே படத்தை இரண்டாவது தடவை தொகுத்தார், அதுவும் அடுத்த ஆண்டு இன்னொரு லேப் தீயில் போனது. இதை வியாபாரக் கணக்கில் சேர்க்க முடியாது.

இன்னொன்று, யாரும் பேசாத விஷயம். நெகட்டிவ் தப்பினாலும் படம் தப்பியதாக அர்த்தம் இல்லை. அந்தக் காலத்தில் இரவுக் காட்சி நீலம், விளக்கு வெளிச்சம் மஞ்சள், தீ என்றால் சிவப்பு என்று பிரிண்டைச் சாயத்தில் முக்குவார்கள். வேலை சுலபமாக இருக்க, நெகட்டிவை ஒரே சாயத்துக்குப் போகும் ஷாட்டுகளாகப் பிரித்துச் சுருட்டி வைப்பார்கள், கதை வரிசையில் வைக்க மாட்டார்கள். வசனத்தையும் விளக்கத்தையும் எழுத்தில் காட்டும் டைட்டில் கார்டு ஒவ்வொரு நாட்டு மொழியிலும் தனியாக அடிப்பது, அதனால் நெகட்டிவில் கார்டே இருக்காது. கடைசியில் கையில் கிடைப்பது எழுத்தும் நிறமும் இல்லாமல், வரிசை குலைந்த துண்டுகள். இயக்குநர் ஃபெயாட்டின் "லே வாம்பிர்" (1915-16, 10 பகுதி) வெகுகாலம் கார்டு இல்லாமல்தான் ஓட்டினார்கள். பாதிப் பேருக்குக் கதையே புரியவில்லை, அதையே கவித்துவம் என்று பாராட்டினார்கள். 1996இல் ஃபெயாட்டின் பேரன் மேற்பார்வையில் கார்டுகளோடு மீட்டெடுத்த பிறகு பார்த்தால் அது ஒழுங்கான துப்பறியும் கதை!

ரீல்பெட்டி:

லேப்காரர் அண்ணே, கடைசிப் பத்தி அருமை. ஆனால் அந்த மூன்றாவது அழிப்பு உங்கள் துறையில்தான் நடந்தது என்பதையும் சொல்லிவிடுங்கள். கோடாக் 1951 வாக்கில் நைட்ரேட் தயாரிப்பை நிறுத்தியது. ஆவணக் காப்பகங்களே என்ன செய்தன? நைட்ரேட் பிரிண்டைப் புது ஃபிலிமில் கறுப்பு வெள்ளையாக ஒரு காப்பி எடுத்துவிட்டு, மூலத்தை ஆபத்து என்று அழித்தார்கள். பாதே கம்பெனியில் பெண்கள் வரிசையாக உட்கார்ந்து, ஒவ்வொரு ஃபிரேமுக்கும் அச்சு வெட்டி, அதன் வழியாக நிறம் ஏற்றிய பிரிண்டுகள் இருந்தன. அவற்றில் எத்தனையோ இன்று சாம்பல் நிறக் காப்பியாக மட்டும் இருக்கின்றன. நைட்ரேட் கெட்டுவிடும் என்ற பயத்தில் கெடாத நைட்ரேட்டையும் சேர்த்துக் கொன்றார்கள்.

லேப்காரர்:

அது உண்மைதான். அன்றைக்கு அதுதான் சரியான முறை என்று சொல்லிக் கொடுத்தார்கள். குளிர வைத்தால் நைட்ரேட் நன்றாகவே தாங்கும் என்பது பிற்பாடு தெரிந்தது.

மதுரைக்காரி:

நெருப்பா வியாபாரமா என்று நீங்கள் இருவரும் மோதிக்கொள்ளுங்கள், நான் மூன்றாவதாக ஒன்று சொல்கிறேன். படம் இருக்கும், பெயர் இருக்காது. அதுவும் தொலைந்த கணக்குதான்.

ஆலிஸ் கீ. பாதேக்குப் போட்டியான கோமோன் படக் கம்பெனியில் செயலாளராகச் சேர்ந்து, 1896இல் படம் எடுக்க ஆரம்பித்து, பத்து வருஷம் அந்தக் கம்பெனியின் படத்தயாரிப்பையே நடத்தியவர். 1906இல் கிறிஸ்துவின் வாழ்க்கையை 25 காட்சிகளாக, சுமார் 300 துணை நடிகர்களை வைத்து எடுத்தார். பிற்பாடு வரலாறு எழுதிய புண்ணியவான்கள் அதை அவருக்கு உதவியாளராக இருந்த ழாஸே பெயரில் எழுதி வைத்தார்கள். உதவியாளர் ஆண் ஆயிற்றே! 1930இல் கோமோன் தன் கம்பெனி வரலாறு என்று ஒன்று தயாரித்தபோது 1907க்கு முந்தைய படங்கள் அதில் இல்லவே இல்லை. 1907இல்தான் ஆலிஸ் கணவரோடு அமெரிக்கா போனார். ஆக அவர் இருந்த காலம் முழுக்க சுத்தமாகத் துடைக்கப்பட்டது.

அமெரிக்காவில் 1910இல் சோலாக்ஸ் என்று சொந்த ஸ்டூடியோ வைத்தார், அப்புறம் அது நொடிந்தது, மணவாழ்க்கையும் முடிந்தது, 1922இல் பிரான்ஸ் திரும்பினார். வேலை கேட்கும்போது காட்டத் தன் படங்கள் வேண்டும். 1927இல் மறுபடி அமெரிக்கா போய் வாஷிங்டனில் காங்கிரஸ் நூலகம் வரை தேடினார். ஒன்றுகூடக் கிடைக்கவில்லை. 1968இல் இறந்தார். அவர் எழுதிவைத்த நினைவுக்குறிப்புகள் 1976இல்தான் அச்சில் வந்தன. இன்று சுமார் 150 படங்களை அவருடையவை என்று அடையாளம் கண்டிருக்கிறார்கள். அதில் எத்தனையோ படங்கள் அவர் உயிரோடு இருந்தபோதே ஏதோ ஒரு நாட்டுக் காப்பகத்தில், பெயர் தெரியாத டப்பாவாகக் கிடந்தவைதான்.

அதனால் ஃபிலிமைப் பற்றி மட்டும் அழாதீர்கள். டப்பா மேல் ஒட்டியிருக்கிற சீட்டையும் பாருங்கள்.

கோவைக்குசும்பு:

மதுரைக்காரி அக்கா, இது எனக்குத் தெரியாது. நன்றி.

கிறிஸ்து படம் என்றதும் ஞாபகம் வந்தது, எங்கள் ஊர்க் கதை ஒன்று இங்கே பொருந்தும். 1905இல் டுபான்ட் என்ற பிரெஞ்சுக்காரர் படம் காட்டிக்கொண்டே திருச்சி வந்தார், கையில் இயேசுவின் வாழ்க்கைப் படம். ரயில்வேயில் வேலை பார்த்த சாமிக்கண்ணு வின்சென்ட் அவரிடமிருந்து புரொஜெக்டரையும் படங்களையும் விலைக்கு வாங்கி, வேலையை விட்டுவிட்டு ஊர் ஊராகக் கொட்டகை போட்டார். அப்புறம் 1914இல் கோயம்புத்தூரில் வெரைட்டி ஹால் கட்டினார். பள்ளிக்கூடத்திலிருந்து கேட்டுக் கேட்டுக் காது புளித்த கதை, ஆனால் ரீல்பெட்டி சார் சொன்னதோடு சேர்த்துப் பார்த்தால் இப்போதுதான் ஒன்று உறைக்கிறது. டுபான்ட் படத்தை விற்க முடிந்ததற்குக் காரணமே அது 1907க்கு முன்னால் என்பதுதானே? இரண்டு மூன்று வருஷம் கழித்து வாடகைப் பிரிண்டோடு வந்திருந்தால் விற்க வழியில்லை.

ரீல்பெட்டி:

அதேதான். அந்தப் பழைய முறையால்தான் பிரெஞ்சுப் படம் உலகம் முழுக்கச் சிதறியது. அப்படிச் சிதறியதால்தான் கொஞ்சமாவது தப்பியது. பிரான்ஸில் கழுவிவிட்டார்கள், வெளியூரில் மறந்துவிட்டார்கள். மறதிதான் பெரிய காப்பாளர்.

நெதர்லாந்தில் ழான் டெஸ்மெட் என்று ஒரு படவிநியோகக்காரர். 1907 முதல் 1916 வரை தான் வாங்கிய படங்களைத் தூக்கி எறியவே இல்லை. சுமார் 900 படம், விளம்பரத் தாள், கணக்குப் புத்தகம் உட்பட. அவர் இறந்தபிறகு 1957இல் அது அந்த நாட்டுத் திரைப்பட அருங்காட்சியகத்துக்குப் போனது. 2011இல் யுனெஸ்கோ பட்டியலிலும் ஏறியது. அதில் பாதே, கோமோன், எக்லேர் படங்கள் குவிந்து கிடக்கின்றன, பிரான்ஸிலேயே இல்லாதவை, சாய நிறங்களோடு. கார்டு மட்டும் டச்சு மொழியில் இருக்கும். சுவிட்சர்லாந்தில் பாசல் நகரத்தில் ழோசெஃப் ழுவா என்ற இயேசு சபைப் பாதிரியார் பிள்ளைகளுக்குப் பாடம் நடத்தப் பழைய படங்களைச் சேர்த்துக்கொண்டே போனார், அவை இன்று லண்டனில் உள்ள காப்பகத்தில் இருக்கின்றன. மெலியெஸின் நிலாப் பயணம் கையால் நிறம் தீட்டிய பிரிண்டாக 1993இல் பார்சலோனாவில் கிடைத்தது, இறுகிக் கட்டையாகிப் போன ரீல். அதைப் பிரித்து, ஃபிரேம் ஃபிரேமாக மீட்டு 2011இல் கான் விழாவில் காட்டினார்கள்.

லேப்காரர் சொன்ன ழான் தார்க்? இரண்டு தடவை எரிந்த அந்தப் படம், டிரையர் முதலில் தொகுத்த வடிவத்திலேயே, 1981இல் ஆஸ்லோ பக்கம் டிகெமார்க் மனநல மருத்துவமனையில் ஒரு அலமாரிக்குள்ளிருந்து வந்தது. உலகமெல்லாம் வெட்டி ஒட்டிய காப்பிகளைப் பார்த்து ஆய்வு எழுதிக்கொண்டிருந்தபோது அசல் அங்கே துடைப்பத்தோடு இருந்திருக்கிறது.

1922இல் பாதே வீட்டில் போட்டுப் பார்க்க 9.5 மில்லிமீட்டர் பாதே-பேபி கொண்டு வந்ததே, அதையும் விடக்கூடாது. நீளப் படங்களை வெட்டிச் சுருக்கி, தீப்பிடிக்காத ஃபிலிமில் போட்டு விற்றார்கள். சில படங்களுக்கு இன்று அந்தச் சுருக்கம்தான் ஒரே சாட்சி.

இரவுக்காட்சி:

இவ்வளவு நேரம் படித்துக்கொண்டே இருந்தேன், யாரும் ஆன்ரி லாங்லுவா பெயரைச் சொல்லவில்லையே, என்ன கோபம்? 1936இல் ஃபிரான்ஜுவோடு சேர்ந்து சினிமாதேக் ஃபிரான்சேஸ் என்ற படக் காப்பகத்தைத் தொடங்கி, ஜெர்மன் ஆக்கிரமிப்பின்போது படங்களை ஒளித்துவைத்து, கிடைத்ததையெல்லாம் போட்டுக் காட்டி ஒரு தலைமுறையையே உருவாக்கியவர். "லே வாம்பிர்" நாயகி முசிடோராவுக்கு வயதான காலத்தில் அங்கேதான் வேலை கொடுத்தார். 1968இல் அரசாங்கம் அவரைப் பதவியிலிருந்து தூக்கியதும் தெருவுக்கு வந்து போராடினார்கள். அந்த ஆள் இல்லாவிட்டால் இந்த இழையே இல்லை.

லேப்காரர்:

கோபம் ஒன்றும் இல்லை சார், ஆனால் பக்தியும் இல்லை. சேர்த்தார், ஒத்துக்கொள்கிறேன். பட்டியல் போட்டாரா? எந்த டப்பாவில் என்ன இருக்கிறது என்பது அவர் தலைக்குள் இருந்தது. 1959இல் கூர்செல் தெருவில் டப்பாக்கள் எரிந்தன, என்னென்ன போயின என்பதற்கே சரியான கணக்கு இல்லை. அவர் காலத்துக்குப் பிறகு 1980 ஆகஸ்டில் ல பொந்தெல் கிடங்கு எரிந்தது, அதிலும் அதே கதை. நைட்ரேட்டை ஓட்டி ஓட்டிக் காட்டுவது என்பதே பிரிண்டைத் தேய்ப்பதுதான். லண்டனில் படக் காப்பகத்தை நடத்திய லிண்ட்கிரென் நேர்மாறாக இருந்தார். முதலில் காப்பி எடு, குளிர வை, பிறகு காட்டு. அவரைச் சலிப்பூட்டும் ஆள் என்று கேலி செய்தார்கள். இன்று அவர் வைத்த படங்கள் இருக்கின்றன.

இரவுக்காட்சி:

காட்டாமல் குளிரில் வைத்த படத்தை யார் கேட்பார்? காட்டியதால்தான் அது முக்கியம் என்றே உலகத்துக்குத் தெரிந்தது. 1969இல் பாரிஸ் பக்கம் புவா தார்சியில் பிரெஞ்சு அரசே காப்பகம் தொடங்கியதும் இவர் கிளப்பிய சத்தத்தால்தான் என்பேன்.

புதுவைவாசி:

இந்தச் சண்டைக்கு நடுவில் பொருந்துகிற மாதிரி ஒரு படம் இருக்கிறது, எனக்கு மொத்தப் பட்டியலிலும் பிடித்தது அதுதான்.

ஆந்த்ரே அந்த்வான். 1887இல் தெயாத்ர் லிப்ர் தொடங்கி நாடக மேடையில் இயல்புநடிப்பைக் கொண்டுவந்தவர். அறுபது வயதை நெருங்கும்போது சினிமாவுக்கு வந்தார். கப்பெலானி போரால் பாதியில் விட்ட ஹ்யூகோ படத்தை முடித்துக் கொடுத்தவரும் இவர்தான். 1920இல் பெல்ஜியக் கால்வாய்களில் நிஜப் படகுகளை ஓட்டிக்கொண்டே ஒரு படம் எடுத்தார். "லிரோந்தெல் ஏ லா மெசான்ஜ்", இரண்டும் சரக்குப் படகுகளின் பெயர். ஒரு படகோட்டி, அவன் மனைவி, அவள் தங்கை, புதிதாக வேலைக்குச் சேர்கிற ஒரு மாலுமி. படகில் கடத்தல் வைரம் இருப்பது அவனுக்குத் தெரிந்துவிடுகிறது. பெரும்பாலும் நீர், கரை, துணி காய்கிற கயிறு, சந்தை, திருவிழா. விநியோகம் செய்ய வேண்டியவர்கள் பார்த்துவிட்டு, இது என்ன, ஆவணப்படமா என்று ஒதுக்கிவிட்டார்கள். வெளிவரவே இல்லை.

1982இல் சினிமாதேக்கில் தொகுக்கப்படாத ஆறு மணி நேரக் காட்சிகள் கிடைத்தன. யாரும் தொடாததால் பளிச்சென்று இருந்தன. ஆன்ரி கோல்பி என்கிற அனுபவமுள்ள எடிட்டர், அந்த்வானின் எழுத்துப்பிரதியை வைத்துக்கொண்டு ஒன்றேகால் மணி நேரத்துக்குச் சற்று மேலாகத் தொகுத்து 1984இல் வெளியானது. எடுத்து 64 வருஷம் கழித்து. அந்த்வான் 1943இலேயே இறந்துவிட்டார்.

லாங்லுவா பட்டியல் போட்டிருந்தால் அது முன்பே கிடைத்திருக்கும். அவர் சேர்க்காவிட்டால் கிடைத்தே இருக்காது. இருவரும் ஆளுக்குப் பாதி எடுத்துக்கொள்ளுங்கள்.

மதுரைக்காரி:

அது 1920 படமா, 1984 படமா? கோல்பி நல்ல எடிட்டர்தான், ஆனால் அவர் கண் 1984இன் கண். எந்த ஷாட் எவ்வளவு நேரம் நிற்க வேண்டும் என்பதை அவர் முடிவு செய்திருக்கிறார். நாம் அதைப் பார்த்து "ஆஹா, அந்த்வான் காலத்தை மிஞ்சியவர், இத்தாலிய நியோரியலிசத்துக்கே முன்னோடி" என்கிறோம். மிஞ்சியது அந்த்வானா, அந்த மேசையில் உட்கார்ந்தவரா?

லேப்காரர்:

மேடம் கேட்டது நியாயமான கேள்வி, ஆனால் ஃபிரேமுக்குள் இருப்பதை எடிட்டர் மாற்ற முடியாது. நிஜக் கால்வாயில் கேமராவை வைத்தது, மேக்கப் இல்லாமல் நடிக்க வைத்தது, ஒரே காட்சியைப் பல கோணத்தில் எடுத்தது, இதெல்லாம் 1920. தாளம் வேண்டுமானால் கோல்பியுடையது. ஆறு மணி நேர ரஷ்ஷையும் அப்படியே தனியாகப் பார்க்கக் கொடுத்துவிட்டால் இந்த வாதமே வராது.

மதுரைக்காரி:

அதைத்தான் சொல்கிறேன். மூலம் ஒரு பக்கம், மீட்டது ஒரு பக்கம், இரண்டையும் கொடுங்கள். நிலாப் பயணத்துக்கு 2011இல் ஏர் என்ற பிரெஞ்சு இசைக்குழுவின் பாப் இசையைப் போட்டு, அதுவே அசல் மாதிரி பரவுகிறது பாருங்கள். இசை நன்றாகத்தான் இருக்கிறது, எனக்கு அது பிரச்சினை இல்லை, ஆனால் பார்க்கிற பிள்ளைக்கு எது 1902 என்று தெரிய வேண்டும்.

இரவுக்காட்சி:

சரி, மீட்டது போதும். மீளாததைச் சொல்லுங்கள். எனக்கு ஒரே ஆசை ழாக் ஃபெய்தேரின் "தெரேஸ் ராக்கேன்". 1928, ஸோலா கதை, ஜினா மானெஸ் நாயகி, பெர்லினில் எடுத்தது. அந்தக் காலத்தில் பார்த்தவர்கள் மௌனப் படத்தின் உச்சங்களில் ஒன்று என்று எழுதியிருக்கிறார்கள். இன்று ஸ்டில் படங்கள் மட்டும்தான். அதிலேயே அந்த இருட்டு அறை மூச்சு முட்டுகிறது. 1928 ஒன்றும் கற்காலம் இல்லை, பெரிய இயக்குநர், பெரிய நடிகை, இருந்தும் போய்விட்டது.

மதுரைக்காரி:

என் பட்டியலில் "லா ஃபிளாம் காஷே", 1918. முசிடோரா தானே இயக்கத்தில் இறங்கிய ஆரம்பப் படங்களில் ஒன்று, கதை எழுத்தாளர் கொலெத். கறுப்பு உடை போட்டுக் கூரை ஏறும் முசிடோராவை உலகத்துக்கே தெரியும், கொலெத் கதையை வைத்துப் படம் இயக்கிய முசிடோராவைப் பார்க்க ஒரு மீட்டர் கூட மிச்சமில்லை.

புதுவைவாசி:

முழுக்கத் தொலைந்தவற்றுக்கும் ஒரு தடம் உண்டு. அந்தக் காலத்தில் காப்புரிமைக்காகக் கதைச்சுருக்கத்தைப் பாரிஸ் தேசிய நூலகத்தில் பதிவு செய்தார்கள். ஆயிரக்கணக்கில் அங்கே இருக்கின்றன, பாதே படங்கள்தான் நிறைய. பல, ஒன்றிரண்டு பக்கத் தட்டச்சு. அதைப் பாதே விற்பனைப் பட்டியலோடும், வாரப் பத்திரிகை விளம்பரத்தோடும் வைத்துப் பார்த்துத்தான் பெயரில்லாத டப்பாவுக்குப் பெயர் கண்டுபிடிக்கிறார்கள். அமெரிக்காக்காரர்கள் 1912 முதல் 1929 வரையான தங்கள் நீளப் படங்களை எண்ணி, முழுதாக அசல் வடிவில் இருப்பது 14 சதவீதம் என்று 2013இல் அறிக்கை போட்டார்கள். பிரான்ஸில் 1914க்கு முன்னால் குட்டிப் படங்கள்தான் வெள்ளமாக வந்தன, அதை எண்ணுவது இன்னும் பெரிய வேலை.

கோவைக்குசும்பு:

தோற்றேன், விடுங்கள். எதில் ஆரம்பிக்கலாம்? மூன்று மணி நேரப் படமாகச் சொல்லிவிடாதீர்கள்.

ரீல்பெட்டி:

லெயோன்ஸ் பெரே எடுத்த "காதோர் பாறைகளின் மர்மம்", 1912, கோமோன், முக்கால் மணி நேரம். பிரிட்டனி கடற்கரை. சொத்துக்காகக் கார்டியனே பெண்ணுக்கு மயக்கமருந்து கொடுத்துவிட்டு அவள் காதலனைச் சுடுகிறான், வில்லன் வேடம் இயக்குநரே. அதிர்ச்சியில் பெண் பேச்சு மூச்சில்லாமல் போகிறாள். மருத்துவர் என்ன செய்கிறார் தெரியுமா, கடற்கரையில் நடந்ததை மறுபடி நடிக்க வைத்துப் படம் பிடித்து, இருட்டு அறையில் அவளுக்குப் போட்டுக் காட்டுகிறார்! வெள்ளைத்திரைக்கு முன்னால் அவள் எழுந்து நிற்கும் அந்த ஷாட்டுக்காகவே பார்க்கலாம். "படம்பிடிக்கப்பட்ட நாடகம்" என்றீர்களே, 1912இல் சினிமாவைப் பற்றியே ஒரு சினிமா.

கோவைக்குசும்பு:

பார்த்துவிட்டேன். வில்லன் கச்சிதம், கடலோரக் காட்சிகளில் வெளிச்சம் எப்படிப் பிடித்தார்கள் என்றே புரியவில்லை. அந்த வெள்ளைத்திரைக் காட்சியை நிறுத்தி நிறுத்திப் பார்த்தேன். நான் பார்த்த காப்பிக்குப் பியானோ வாசித்தவர்தான் எல்லாக் காட்சிக்கும் ஒரே வேகத்தில் போட்டு உயிரை வாங்கினார், பாதியில் ஒலியை அணைத்துவிட்டேன். ஞாயிற்றுக்கிழமை ஜெர்மினால் போடலாம் என்று இருக்கிறேன், இரண்டரை மணி நேரம் என்கிறார்கள், தாங்குமா?

புதுவைவாசி:

முதல் அரைமணி ஆட்களை அறிமுகப்படுத்தவே போகும், தம்பி. சுரங்கத்துக்குள் தண்ணீர் வருகிறவரை எழுந்து போகாதீர்கள்.